ஊதுகொடி

இன்னாசி மச்சாதுவின் சாக்ஸபோனிலிருந்து ஜி என்கிற சுரம் ஜன்னல் வழியாக இறங்கிப் போய்ச் சந்தில் நின்றுகொண்டு, திரும்பி வரமாட்டேன் என்று இருந்துவிட்டதற்கு யாரையும் குற்றம் சொல்ல முடியாது. அவன் எப்போதும் போலத்தான் அன்றைக்கும் மத்தியானச் சோற்றுக்குப் பிறகு சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டு, வாத்தியத்தின் வாயில் செருகுகிற மெல்லிய நாணல் பட்டையை நாக்கில் ஊறவைத்து, மாடி ஜன்னலைத் திறந்து, ஒரே சுரத்தை எடுத்து மூச்சு தீருகிறவரை ஆடாமல் அசையாமல் பிடித்து நிறுத்துகிற பயிற்சியைச் செய்துகொண்டிருந்தான். ஊதுகிறவர்கள் எல்லோரும் தினம் பல் தேய்ப்பது மாதிரி செய்கிற காரியம்தான் அது. ஒரே வித்தியாசம், அன்றைக்கு மூச்சு தீர்ந்தது, வாத்தியத்தை வாயிலிருந்து எடுத்தாயிற்று, சுரம் மட்டும் தீரவில்லை. எட்டிப் பார்த்தால், அவனுடைய ஜன்னலுக்குக் கீழே சுவரிலிருந்து எதிர்வீட்டுச் சுவர் வரைக்கும், ஆள் கை தூக்கினால் எட்டுகிற உயரத்தில், கண்ணுக்குத் தெரியாமல், ஆனால் இல்லை என்று யாரும் சொல்லிவிட முடியாதபடி, அது குறுக்கே நின்றுகொண்டிருந்தது.

கொஞ்ச நேரம் பொறுத்துப் பார்த்தான். ஒரு தம்ளர் தண்ணீர் குடித்தான். கோபித்துக்கொண்டு போன பிள்ளை பசி வந்தால் திரும்பிவிடும் என்பது போல ஜன்னல் கதவைத் திறந்தே வைத்தான். சாயங்காலம் மறுபடி வாத்தியத்தை எடுத்து, இடது கை விரல்கள் மூன்றையும் வைத்து ஊதினால், உஸ்ஸென்று வெறும் காற்றுதான் வந்தது. பக்கத்துச் சுரங்கள் வந்தன, அதற்கு மேலே இருக்கிற இன்னொரு ஜி வந்தது, இது ஒன்றுதான் இல்லை. வாத்தியம் பழுது பார்க்கிற சீனக் கிழவரிடம் கொண்டுபோனான். அவர் ஒவ்வொரு விசையாக அமுக்கிப் பார்த்து, உள்ளே விளக்கை விட்டுப் பார்த்து, "வாத்தியத்துல ஒரு குறையும் இல்ல, சுரந்தான் இல்ல" என்று சொல்லி, தன்னிடம் இருந்த வேறொரு சாக்ஸபோனைக் கொடுத்து ஊதச் சொன்னார். அதிலும் அதே உஸ்தான். அப்போதுதான் இன்னாசி பயந்துபோனான்.

பயப்படாமல் என்ன செய்வான், சொல்லுங்கள். தூத்துக்குடியில் மாதா கோயில் சப்பரத்துக்கு முன்னால் பேண்டு வாசித்துப் பழகியவன், கப்பல் ஒன்றில் பயணிகளுக்காக ஊதிக்கொண்டே போனவன், பினாங்கில் இறங்கி, கடற்கரை ஹோட்டல் ஒன்றின் ஜாஸ் குழுவில் சேர்ந்து ஆறு வருஷமாகிறது. சனி ஞாயிறு மத்தியானங்களில் பெரிய கூடத்தில் தேநீர் விருந்து நடக்கும், வயசான ஜோடிகள் கேக்கைக் கொறித்துக்கொண்டு மெதுவாக ஆடுவார்கள், இவன் ஊதுவான். ஜாஸ் என்றால் என்ன மாப்பிள்ளை என்று மாமனார் ஒருமுறை கேட்டபோது, "ஒண்ணுமில்ல மாமா, ஒரு பாட்டப் பாதி வழியில விட்டுட்டு ஊர் சுத்திட்டு, சரியான நேரத்துக்கு வீடு வந்து சேருதது" என்று விளக்கினான். மாமனார் மகளைத் திரும்பிப் பார்த்த பார்வை அவனுக்கு இன்னும் மறக்கவில்லை. கல்யாணமாகிச் சில மாதத்தில் பிலோமியை விட்டு வந்தவன், லீவில் இரண்டு தடவை போய் முகம் காட்டியதோடு சரி. இப்போது அவள் சுற்றுலா விசாவில் வருகிறாள், டிக்கெட் எடுத்தாயிற்று. ஹோட்டல் அவனுடைய ஒப்பந்தத்தைப் புதுப்பித்தால் அவள் அவனோடேயே தங்கலாம். புதுப்பிக்காவிட்டால் இருவரும் மூட்டையைக் கட்டிக்கொண்டு ஒன்றாகத் திரும்ப வேண்டியதுதான். இந்த நேரம் பார்த்தா ஒரு சுரம் வீட்டை விட்டுப் போகும்?

சரி, அவன் தலையில் கை வைத்து உட்காரட்டும். சந்தில் என்ன நடந்தது என்று கேளுங்கள்.

சாக்குக்காரச் சந்து என்று பெயர் அதற்கு. சாக்கு விற்றவர்கள் போய்ப் பல காலமாகிறது. அஞ்சடி நடைபாதையும், அதை ஒட்டி இரண்டு பக்கமும் மாடி வீடுகளுமாக, மோட்டார் சைக்கிளைத் தவிர வேறெதுவும் நுழைய யோசிக்கிற சந்து. அங்கே அந்தச் சுரத்தை முதலில் தொட்டது எதிர்வீட்டுத் தையற்காரி கியோக் அக்கா. சீனத்தி, தமிழர்களோடு சண்டை போட்டுச் சண்டை போட்டே தமிழ் கற்றவள். அன்றைக்கென்று துணி காயப்போடுகிற மூங்கில் கழி முறிந்துபோன ஆத்திரத்தில் ஈரச் சாரோங்கும் கையுமாக நின்றவள், தலைக்கு மேலே ஏதோ முனகுகிறதே என்று கையை நீட்டினாள். கை பட்டது. வெதுவெதுவென்று இருந்தது. இழுத்துப் பார்த்தாள், அறவில்லை. சாரோங்கை எடுத்து மேலே போட்டாள், விழவில்லை. "நல்ல கொடிதான் லா," என்று சொல்லிவிட்டு மீதித் துணியை எடுத்துவர உள்ளே போனாள். சந்துக்காரர்கள் அதிசயப்பட்டது மொத்தமே அவ்வளவுதான்.

அந்த வாரக் கடைசிக்குள் சந்தே அதில் துணி காயப்போட்டது. மனுஷனுடைய மூச்சல்லவா, சூடு இருக்கத்தானே செய்யும், மழைக்காலத்திலும் அரை மணியில் துணி காய்ந்தது. காய்ந்த துணியைக் காதோரம் வைத்தால் லேசாக முனகவும் செய்தது, அந்தச் சட்டையைப் போட்டுக்கொண்டு வேலைக்குப் போனவர்கள் அன்றைக்கு யாரிடமும் எரிந்து விழவில்லை என்று பேச்சு. சாயாக்கடை காதர் பாய் தன் பழைய ரேடியோவை அதன் ஓரத்தில் கட்டித் தொங்கவிட்டார், அது இருபது வருஷமாகப் போட்டுக்கொண்டிருந்த கரகரப்பை நிறுத்திவிட்டு ஒழுங்காகப் பாடியது. இன்னாசியின் கீழ்வீட்டுக் கோமளத்துக்கு ஒரு கைக்குழந்தை. பிறந்த நாளிலிருந்து தானும் தூங்காமல் பெற்றவளையும் தூங்கவிடாமல் வீட்டை இரண்டாக்குகிற பெண் குழந்தை. ஒருநாள் பழைய சேலையால் அந்தச் சுரத்தில் தூளி கட்டிக் குழந்தையைப் போட்டாள். கண் மூடித் திறப்பதற்குள் தூங்கிவிட்டது. கோமளம் அஞ்சடியிலேயே சாய்ந்து உட்கார்ந்து, மாதக்கணக்கில் சேர்த்துவைத்த தூக்கத்தையெல்லாம் சேர்த்துத் தூங்கினாள். போகிற வருகிறவர்கள் அவள் காலைத் தாண்டிச் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு நடந்தார்கள். ஊதுகொடி என்று பெயர் வைத்ததும் அவள்தான்.

நகராட்சியிலிருந்து ஒருவர் வந்தார். இது மின்கம்பியா, விளம்பரமா, இரைச்சலா, எந்தக் கணக்கில் சேர்ப்பது என்று தெரியாமல் அளவு நாடாவைப் பிடித்துக்கொண்டு அங்குமிங்கும் நடந்தார். புழுக்கம் தாங்காமல் தொப்பியைக் கழற்றி எங்கேயோ மாட்டினார், மாட்டியது அந்தக் கொடியில்தான் என்பது போகும்போதுதான் உறைத்தது. "யாருடையது இது?" என்று கேட்டார். "எங்களுது" என்று சந்தே ஒரே குரலில் சொன்னது. அவர் தொப்பியை எடுத்துத் தலையில் வைத்துக்கொண்டு, அது முனகுவதைக் கொஞ்ச நேரம் நின்று கேட்டுவிட்டு, நல்லது என்று போய்விட்டார். பிறகு, சந்துக்குள் நுழைகிற அளவுக்கே செய்த மாரியம்மனின் சின்னத் தேர் வந்தது. தேருக்கு முன்னால் கவட்டைக் கழியோடு நான்கு பேர் போவார்கள், குறுக்கே இருக்கிற மின்கம்பி, தோரணம் எல்லாவற்றையும் தூக்கிப் பிடித்துக் கலசம் இடிக்காமல் தேரை விடுவது அவர்கள் வேலை. ஊதுகொடியையும் கம்பியைத் தூக்குகிற மாதிரியே கவட்டையைக் கொடுத்துத் தூக்கினார்கள். தூக்கத் தூக்கச் சுரம் ஏறிக்கொண்டே போக, பின்னால் வந்த நாதஸ்வரக்காரர் பதறிப்போய்த் தானும் சுருதியை ஏற்றி ஏற்றி, தேர் தாண்டிக் கழியை இறக்கியபோது மூச்சு வாங்க இறங்கி வந்து சேர்ந்தார். இந்த வருஷம் மல்லாரி ரொம்பத் தூக்கல் என்று எல்லோரும் அவரைப் பாராட்டினார்கள்.

இத்தனைக்கும் நடுவே இன்னாசி ஒருத்தன்தான் வாடிப்போய்க் கிடந்தான். ஹோட்டலில் அந்த ஒரு சுரத்தை மிதிக்காமல் வாசிக்கப் பழகிக்கொண்டான், ஓட்டைப் பலகையைத் தாண்டி நடக்கிற மாதிரி. மேலே ஏறி ஒதுங்குவான், கீழே நழுவி ஒதுங்குவான், சில இடத்தில் இருமல் வந்தாற்போல நிறுத்திக்கொள்வான். பியானோ வாசிக்கிற டாந்தே பிலிப்பைன்ஸ்காரன், நல்ல மனுஷன். முதல் வாரத்திலேயே கண்டுபிடித்துவிட்டான். ஒன்றும் கேட்கவில்லை; இன்னாசி எங்கே பதுங்குகிறானோ அங்கே பியானோவில் அந்தச் சுரத்தைத் தட்டி மூடிவிட்டான். ஆனால் பியானோ தட்டுவது தட்டுவதுதான், அதில் மூச்சு எங்கே இருக்கிறது? புதிதாக வந்திருந்த மேலாளர் லியாவ் அம்மாள் கெட்டவள் அல்ல, கேட்கிற காது உள்ளவள், அதுதான் ஆபத்து. ஒரு ஞாயிற்றுக்கிழமை அவனைக் கூப்பிட்டு, "உங்கள் வாசிப்பில் நடந்துபோகும்போது எனக்கு எங்கேயோ கால் இடறுகிறது. எங்கே என்று தெரியவில்லை. மாசக் கடைசி ஞாயிறு முழுக்க உட்கார்ந்து கேட்கப் போகிறேன். அன்றைக்கும் இடறினால், மன்னிக்கணும், ஒப்பந்தத்தில் நான் கையெழுத்துப் போட மாட்டேன்" என்று மரியாதையாகச் சொன்னாள்.

என்னுடைய சுரத்தை எனக்குத் திருப்பிக் கொடுங்கள் என்று சந்தில் போய்க் கேட்டால் என்ன என்று உங்களுக்குத் தோன்றும். அவனுக்கும் தோன்றியது. கேட்பதற்கென்றே படியிறங்கி வருவான். பார்த்தால் கியோக் அக்காவின் வெள்ளைப் படுக்கை விரிப்புகள் காய்ந்துகொண்டிருக்கும், கோமளத்தின் குழந்தை தூளியில் வாயைத் திறந்து தூங்கிக்கொண்டிருக்கும். தூங்குகிற குழந்தைக்கு மேலே கையை நீட்டி உன் கொடியை உருவிக்கொள்ளட்டுமா என்று எந்த வாயால் கேட்பது? "என்னண்ணே, சாப்பிட்டீங்களா?" என்பாள் கோமளம். "சாப்பிட்டேம்மா" என்று சொல்லிவிட்டு, ஒரு வேலையும் இல்லாமல் கடைத்தெருவுக்கு ஒரு நடை போய்வருவான். போதாக்குறைக்கு அந்தச் சுரம் போன நாளிலிருந்து வீட்டுக்கு வீடு சாப்பாடு வேறு வர ஆரம்பித்துவிட்டது. கியோக் அக்கா கஞ்சிப் பானையோடு மாடிப்படியில் வந்து நின்று கூப்பிட்டாள், காதர் பாய் ரொட்டியும் குழம்பும் அனுப்பினார், காசு வாங்க மறுத்தார். நம்மைப் பார்க்கப் பாவமாக இருக்கிறதுபோல, வேலை போகப்போவது எல்லாருக்கும் தெரிந்துவிட்டது என்று நினைத்து இன்னாசி கூனிக் குறுகிப் போனான். அந்தக் கஞ்சியைக் கண்ணில் தண்ணீரோடு குடித்தான்.

மாசக் கடைசி நெருங்குகையில் பிலோமி வந்து இறங்கினாள்.

கருவாட்டு மணம் வீசுகிற இரண்டு பெட்டிகளும் ஒரு மாதா படமுமாக விமான நிலையத்திலிருந்து இன்னாசியோடு வந்தவள், சந்துக்குள் நுழைந்து, யாருடையதோ ஈரப் பாவாடை முகத்தில் பட, குனிந்து தாண்டப் போனவள் அப்படியே நின்றுவிட்டாள். பெட்டியைக் கீழே வைத்தாள். துணிகளுக்கு நடுவே கையை நுழைத்து அந்தச் சுரத்தைத் தடவினாள். நாலு விரலையும் வைத்து அதன் சூட்டைப் பார்த்தாள்.

"என்னங்க, இது ஒங்க மூச்சுல்லா?" என்றாள்.

ஊர் உலகமே துணி காயப்போட்டும் யாருக்கும் தோன்றாததை, வந்து இறங்கிய வேகத்தில் தொட்டுச் சொல்லிவிட்டாளே என்று இன்னாசிக்குச் சந்தோஷமாகவும் இருந்தது, வெட்கமாகவும் இருந்தது. மாடிக்குப் போனதும் ஒன்று விடாமல் சொன்னான். உஸ்ஸென்று வருகிற காற்றை ஊதியும் காட்டினான். அவள் பெட்டியிலிருந்து சாமான்களை எடுத்து அடுக்கிக்கொண்டே கேட்டாள்.

"சரி. அவுகட்டக் கேட்டியளா?"

"எப்படிக் கேக்க, பிலோமி?"

"எப்படின்னா? வாயாலதான்."

"அந்தப் பிள்ள தூங்குதுல்லா..."

"பிள்ள தூங்கட்டும், அதுக்குன்னு நாம ரெண்டு பேரும் முழிச்சுக்கிட்டுக் கெடக்கவா? ஊருக்கு ஒண்ணாத் திரும்பிப் போயி அப்பா மூஞ்சியில முழிக்கவா? நல்லாச் சொல்லுதிய. நீங்க இருங்க, நான் கேட்டுட்டு வாரேன்." சேலையில் கையைத் துடைத்துக்கொண்டு, வந்து ஒரு மணி நேரம்கூட ஆகாதவள், ஊரும் ஆளும் தெரியாத சந்தில் இறங்கிப் போனாள். இன்னாசி ஜன்னலுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டு, காதை மட்டும் வெளியே வைத்தான்.

காதர் பாய் கடைக்கு முன்னால் நின்றுகொண்டு பிலோமி சொன்னாள். சுற்றி வளைக்கவில்லை, அழவும் இல்லை. எங்க வீட்டுக்காரர் சுரம் இங்கே கிடக்கிறது, அது இல்லாமல் அவருக்கு வேலை போய்விடும், கேட்க வெட்கப்படுகிறார், நான் கேட்கிறேன். கியோக் அக்கா கையிலிருந்த துணிக்கிளிப் கீழே விழுந்தது.

"ஐயோ!" என்று தலையில் அடித்துக்கொண்டாள் அவள். "தம்பி இத நமக்குக் குடுத்தது இல்லையா? நான் நெனச்சேன் தம்பி நமக்குக் குடுத்தது! அதான் கஞ்சி குடுக்கறேன், தினம் தினம்! குடுத்த ஆள்கிட்டப் போய், ஏன் குடுத்தேன்னு கேப்பாங்களா லா?"

காதர் பாய்க்கு உண்மையிலேயே கோபம் வந்துவிட்டது. மாடி ஜன்னலைப் பார்த்துக் கத்தினார். "யோவ் இன்னாசி! ஒளிஞ்சுக்கிட்டா எங்களுக்குத் தெரியாதா? இறங்கி வாய்யா! ஒரு வார்த்த கேட்டிருந்தா அன்னிக்கே அவுத்துக் குடுத்திருக்க மாட்டோம்? நீ குடுத்தேன்னு நாங்க இருக்க, நாங்க ஏதாச்சும் நெனப்போம்னு நீ இருக்க, எங்க போய் முட்டிக்கிறது!"

இன்னாசி இறங்கி வந்தான். அசடு வழிந்தது. எல்லோரும் அவனைத் திட்டினார்கள். ஒவ்வொரு வசவுக்கும் அவன் நெஞ்சிலிருந்து ஒவ்வொரு கல்லாக இறங்கியது. இன்னும் நாலு பேர் திட்ட மாட்டார்களா என்று இருந்தது அவனுக்கு. ஆளாளுக்குத் தங்கள் துணிகளை உருவ ஆரம்பித்தார்கள். கோமளம் மட்டும் தூளியைக் கடைசியாக ஒருமுறை ஆட்டிவிட்டாள். பிறகு குழந்தையை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு, தூளிச் சேலையை அவிழ்த்தாள்.

"எடுத்துக்குங்கண்ணே," என்றாள். அவள் முகத்தைப் பார்க்க இன்னாசியால் முடியவில்லை. அவன் கொடியின் மேல் கை வைக்கப் போனபோது, "கொஞ்சம் இருங்க, இருங்க," என்று தடுத்தாள். "இரவல் வாங்கின பாத்திரத்த வெறுமனே திருப்பிக் குடுப்பாங்களா? ஒரு பிடி சீனியாச்சும் போட்டுக் குடுக்கணும். வெறும் பாத்திரமாக் குடுத்தேன்னு தெரிஞ்சா எங்கம்மா என்னைச் செருப்பால அடிக்கும்."

அது நியாயம்தான் என்று சந்துக்கே பட்டது. ஆனால் ஒரு சுரத்துக்குள் என்னத்தைப் போடுவது? சீனி நிற்காது, அரிசி நிற்காது. கோமளம் கொஞ்சம் யோசித்துவிட்டு, தோளில் தூங்கிக்கொண்டிருந்த குழந்தையின் மூக்கைக் கொடிக்குப் பக்கத்தில் கொண்டுபோய்ப் பிடித்தாள். அதன் தூக்க மூச்சு கொஞ்சம் உள்ளே போனது. அதைப் பார்த்ததும் மற்றவர்களுக்கு வழி தெரிந்துவிட்டது. காதர் பாய் குவளைகள் இரண்டையும் எடுத்துவந்து, ஒரு கையை மேலே தூக்கி, ஒரு கையைக் கீழே இறக்கி, நுரை பொங்க ஒரு நீளமான தேத்தண்ணீரை அதன் ஓரமாக ஆற்றி, அந்தச் சத்தத்தைப் போட்டார். கியோக் அக்கா தையல் மிஷினை வாசலுக்கு இழுத்துவந்து ஒரு முழம் ஓட்டினாள், அது போதாது என்று தோன்றியதோ என்னவோ, வாயை அதன் பக்கத்தில் வைத்து, கஞ்சிப் பானையோடு மாடிப்படியில் நின்று தினமும் கூப்பிடுகிற மாதிரியே, "தம்பி, சாப்ட்டியா?" என்று சீனமும் தமிழும் கலந்து உரக்கக் கேட்டாள். ஒருவர் செருமினார், ஒருவர் சாவிக்கொத்தை ஆட்டினார், பிரம்பு முடைகிறவர் தன் மனைவியைத் திட்டுகிற திட்டைப் பாதி போட்டு மீதியை நாகரிகம் கருதி விழுங்கிக்கொண்டார். கடைசியில் எல்லோரும் தள்ளி நின்று இடம் விட்டார்கள்.

"இப்ப எப்படி எடுக்குதது?" என்றான் இன்னாசி.

"வெளிய விட்ட மூச்ச எப்படி எடுப்பாக? உள்ள இழுத்துத்தான்," என்றாள் பிலோமி.

அவன் மாடிக்குப் போய், ஜன்னலில் நின்று, மூன்று விரல்களையும் வைத்து, ஊதுவதற்குப் பதிலாக உறிஞ்சினான். கிணற்றிலிருந்து நிறைவாளியை இழுக்கிற கனம் கனத்தது. முன்பு போனபோது இவ்வளவு எடை இல்லை. மூச்சு முட்ட, கண் பிதுங்க, முழங்கால் மடங்கி உட்கார்ந்துவிட்டான். பிலோமி பின்னால் நின்று முதுகைத் தாங்கிக்கொண்டாள். கடைசிப் பகுதி உள்ளே வந்தபோது சந்தின் முனகல் நின்றது. அந்தச் சத்தத்துக்குப் பழகிப்போய் உரக்கப் பேசிக்கொண்டிருந்த ஜனங்கள் திடீரென்று தங்கள் குரல் தங்களுக்கே பெரிதாகக் கேட்க, வெட்கப்பட்டுக் குரலைத் தணித்துக்கொண்டார்கள். கோமளத்தின் குழந்தை விழித்துக்கொண்டு அழ ஆரம்பித்தது.

அது ஞாயிறுவரைக்கும் அழுதது. சந்துக்காரர்கள் ஒரு சொல் சொல்லவில்லை, நைலான் கயிறு வாங்கிக் கட்டிக்கொண்டார்கள். இன்னாசிக்கோ உள்ளே வந்த சுரத்தை ஊதிப் பார்க்கப் பயம். வெளியே விட்டு, அது மறுபடி எங்கேயாவது போய் நின்றுகொண்டால்? தவிர, அதில்தான் ஊரே கையை வைத்திருக்கிறதே, தேத்தண்ணீரும் தையல் மிஷினும் அரைத் திட்டும் சேர்ந்து என்ன சத்தமாக வருமோ, லியாவ் அம்மாளின் காதில் அது எப்படி விழுமோ! வாத்தியத்தைத் துடைத்தான், மடியில் வைத்துக்கொண்டான், மறுபடி துடைத்தான். "தொடச்சே தேய்ச்சிருவிய போல," என்றாள் பிலோமி.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் கூடம் நிரம்பியிருந்தது. முன்வரிசையில் லியாவ் அம்மாள் கைகளை மடியில் கோத்து உட்கார்ந்திருந்தாள். பின்னால் தூணோரம், ஊரிலிருந்து கொண்டுவந்த பட்டுச்சேலையில், தேநீர்க் கோப்பையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு பிலோமி. முதல் பாட்டில் அந்த இடம் வந்தபோது, பழக்க தோஷம், இன்னாசி ஒதுங்கிப் போனான், டாந்தே மூடினான். இரண்டாவதிலும் அப்படியே. லியாவ் அம்மாள் தரையைப் பார்த்தாள். மூன்றாவது ஒரு மெதுவான பாட்டு. ஆடுகிற ஜோடிகள் கன்னத்தோடு கன்னம் வைத்துக்கொள்கிற பாட்டு. நடுவில் எல்லாரும் அடங்க, சாக்ஸபோன் தனியாகப் போய் அந்தச் சுரத்தின் மேல்தான் நிற்க வேண்டும், வேறு வழியே கிடையாது. அந்த இடம் வந்தது. டாந்தே அவனைப் பார்த்தான். பார்த்துவிட்டு, இரண்டு கைகளையும் கட்டைகளிலிருந்து எடுத்துத் தன் தொடையில் வைத்துக்கொண்டான்.

அடப்பாவி, என்று நினைத்தான் இன்னாசி. நினைத்த மாத்திரத்தில் விரல் மூன்றும் தானாக விழுந்தன, போவது போகட்டும் என்று நெஞ்சில் இருந்ததையெல்லாம் விட்டான்.

வந்தது. முதலில் அவனுக்கே அடையாளம் தெரியவில்லை. அது பழைய ஜிதான், ஒரு மயிரிழை கூடவோ குறையவோ இல்லை, ஆனால் தனியாக நின்ற சுரம் இப்போது தனியாக இல்லை. அதற்குள் ஒரு குழந்தை மூச்சு விட்டது, உயரத்திலிருந்து எதுவோ நுரைத்து இறங்கியது, யாரோ தைத்துக்கொண்டிருந்தார்கள், யாரோ மாடிப்படியிலிருந்து சாப்பிட்டாயா என்று கேட்டார்கள். தேநீர்த் தட்டோடு போன பரிசாரகன் தட்டோடு நின்றான். வாழ்நாளெல்லாம் நிமிர்ந்து உட்கார்ந்து பழகிய ஒரு வெள்ளைக்காரக் கிழவர் நாற்காலியில் மெல்லச் சாய்ந்து, இடுப்பு வாரைத் தளர்த்திக்கொண்டார். இன்னாசி கடைசி மூச்சுவரை பிடித்தான். பிறகு, பயந்துகொண்டே, வாயை எடுத்தான்.

நின்றுவிட்டது. எங்கேயும் போகவில்லை, எதிலும் தொங்கவில்லை, ஒரு சுரம் தன் காலம் முடிந்து நிற்க வேண்டிய மாதிரி நின்றது. அந்த நிசப்தத்தைக் கேட்டபோது அவனுக்கு அப்படியொரு நிம்மதி வந்தது, மேடையில் நிற்கிறோம் என்பதுகூட மறந்து, "மாதாவே!" என்று வாய்விட்டுச் சொல்லிவிட்டான். மறுபடி மூச்செடுத்து ஊதினான். இருந்தது. டாந்தே சிரித்துக்கொண்டே உள்ளே வந்து சேர, டிரம்ஸும் சேர, பாட்டைப் பாதி வழியில் விட்டுவிட்டு எல்லோருமாக ஊர் சுற்றப் போனார்கள். அன்றைக்குப் போல அவர்கள் தூரம் போனதும் இல்லை, அவ்வளவு சந்தோஷமாகத் திரும்பி வந்ததும் இல்லை.

இடைவேளையில் லியாவ் அம்மாள் வந்தாள். "இடறவில்லை," என்றாள். "நாளைக்குக் காலையில் வந்து கையெழுத்துப் போடுங்கள், உங்கள் மனைவிக்கான தாள்களையும் கொண்டுவாருங்கள்." அவ்வளவுதான். கேக் ஏன் இவ்வளவு வறட்சியாக இருக்கிறது என்று யாரையோ கேட்கப் போய்விட்டாள். கோமளத்தின் குழந்தை என்ன ஆனது என்று உங்களுக்கு மனசு அடித்துக்கொள்ளும். மறுநாள் மத்தியானம் இன்னாசி ஜன்னலைத் திறந்து, பயமில்லாமல், அந்த ஒரு சுரத்தையே ஒரு மணி நேரம் விட்டு விட்டு ஊதினான், குழந்தையும் தூங்கியது, கோமளமும் தூங்கினாள். நேரம் தவறினால் கீழிருந்து விளக்குமாற்றுக் கட்டையால் கூரையை இடித்து அவனைக் கூப்பிடுகிற வழக்கமும் அன்றைக்கே தொடங்கியது.

ஆனால் அதெல்லாம் மறுநாள். அந்த இடைவேளையில் அவன் கூட்டத்தை விலக்கிக்கொண்டு தூணோரம் போனபோது, பிலோமி கோப்பையை இன்னும் கையில் பிடித்தபடி அழுதுகொண்டிருந்தாள். தேநீரில் ஒரு வாய்கூடக் குடிக்கவில்லை.

"ஏ பிலோமி, கெடச்சிட்டு! கையெழுத்துப் போடுதாகளாம்! பெறகு என்னத்துக்கு அழுத?"

"வேலைக்காவ அழல," என்றாள் அவள். சேலைத் தலைப்பால் முகத்தை அழுத்தித் துடைத்தாள். "போன்ல நல்லாருக்கேன், நல்லாருக்கேன்னு சொல்லுவியள்ல, ஆறு வருசமா ஒரு நாளும் நான் அத நம்புனதில்ல. ஏதோ ஒரு ரூம்ல ஒத்தையாக் கெடந்து சாவுதாரு மனுசன், நமக்காகப் பொய் சொல்லுதாருன்னு நெனச்சு, போன வச்ச பெறகு ஒவ்வொரு தடவயும் அழுதிருக்கேன். இப்ப நீங்க ஊதுனதக் கேட்டேன். ஒங்களச் சுத்தி எத்தன பேரு! சாப்ட்டியான்னு கேக்க ஒரு ஆளு இருந்திருக்கு. இத மொதல்லயே சொல்லியிருந்தா நான் நிம்மதியா ஒறங்கியிருப்பேனே?"

இன்னாசி அவள் கையிலிருந்த கோப்பையை வாங்கி, ஆறிப்போன தேநீரை ஒரே மடக்கில் குடித்தான்.

"எனக்கே இன்னைக்குத்தான் தெரியும்," என்றான்.